இந்திப் பாட்டுக்கு எதற்கு லாஸ்லெஸ்?

14 ஜனவரி 2024, வாசகர் கேள்வி

சார், நான் கோயம்புத்தூர். பாட்டை லாஸ்லெஸ்ஸில், அதாவது எதையும் வெட்டாத ஃபைலில்தான் கேட்பேன் என்கிறீர்கள். நொடிக்கு 320 கிலோபிட் எம்பி3யையும் லாஸ்லெஸ் வகையான ஃபிளாக்கையும் மாற்றி மாற்றிக் கேட்டுவிட்டேன், எனக்கு ஒரு வித்தியாசமும் தெரியவில்லை. அதிலும் நீங்கள் கேட்பது பழைய இந்திப் பாட்டு. ரெக்கார்டு பண்ணும்போதே கரகரவென்றுதான் பண்ணியிருக்கிறார்கள். லாஸ்லெஸ்ஸில் கேட்டால் கரகரப்பு தெளிவாகக் கேட்கும், அவ்வளவுதானே? 4 டி.பி. ஹார்ட் டிஸ்க் வாங்கி இதை நிரப்புகிறவர்கள் தங்களைத் தாங்களே ஏமாற்றிக்கொள்கிறார்கள் என்பது என் கட்சி.

14 ஜனவரி 2024, இரவு 10.40

கரகரப்பு தெளிவாகக் கேட்கும் என்பது சரி. அதற்குத்தான் காசு செலவழிக்கிறேன். விரிவாக நாளை எழுதுகிறேன். போகிக்காக வீட்டில் பழைய சாமான்களை வாசலில் எடுத்துப் போட்டிருக்கிறார்கள், அதில் என் கேசட் பெட்டியும் போயிருக்கிறது. முதலில் அதை மீட்க வேண்டும்.

15 ஜனவரி 2024

மீட்டாயிற்று. பொங்கலும் ஆயிற்று.

முதலில் கணக்கு. சிடியில் ஒரு நொடிக்கு 44,100 சாம்பிள், ஒவ்வொன்றும் 16 பிட், இடம் வலம் என்று இரண்டு சேனல். பெருக்கினால் நொடிக்கு 1,411 கிலோபிட். ஐந்து நிமிடப் பாட்டு 53 எம்.பி. பிடிக்கும். ஃபிளாக் என்பது அதை மடித்து வைப்பது. பட்டுப்புடவையை மடித்துப் பெட்டியில் வைத்த மாதிரி, பிரித்தால் அதே புடவை, ஒரு நூல் குறையாது. 30 எம்.பி. பக்கம் வரும். 320 எம்பி3 அதே பாட்டை 12 எம்.பி.க்குக் கொண்டுவந்துவிடும். எப்படி? கட்டும்போது வெளியே தெரியாத உள்கொசுவத்தை வெட்டி எடுத்துவிட்டுத் தைத்துக் கொடுக்கிறது. கட்டினால் யாருக்கும் தெரியாது. அப்படி வெட்டுவதற்குப் பின்னால் பெரிய மூளை வேலை இருக்கிறது, அதைக் குறை சொல்லமாட்டேன்.

உங்களுக்கு வித்தியாசம் தெரியவில்லை என்றீர்கள். எனக்கும் தெரியவில்லை. ஃபூபார்2000-இல் ஏபிஎக்ஸ் என்று ஒரு கண்கட்டு வித்தை உண்டு. எது எது என்று சொல்லாமல் மாற்றி மாற்றிப் போட்டு நம்மையே கேட்கும். 320-க்கும் ஃபிளாக்குக்கும் 20 தடவை முயன்றேன், 11 சரி. காசைச் சுண்டிப் போட்டிருந்தாலும் அவ்வளவு வந்திருக்கும். எனக்கு வயது 54. 13 கிலோஹெர்ட்ஸுக்கு மேலான கீச்சு ஒலிகளிலிருந்து என் காது விருப்ப ஓய்வு வாங்கிவிட்டது. ஆனாலும் 20 கிலோஹெர்ட்ஸ் பற்றி மணிக்கணக்கில் சண்டை போடுகிறேன். வீட்டில் இதைப் பற்றித் தனிக் கருத்து இருக்கிறது.

17 ஜனவரி 2024

முந்தாநாள் எழுதியதைப் பார்த்துவிட்டு "அப்புறம் எதற்கு சார் ஃபிளாக்?" என்று நாலு பேர். பொறுங்கள்.

128 கிலோபிட் எம்பி3-இல் விஷயம் வேறு. நம்மில் பலர் 2000-களின் தொடக்கத்தில் இந்திப் பாட்டு சேர்த்தது 128-இல்தான். ஒரு சிடியில் 150 பாட்டு, நடைபாதையில் விற்பார்கள். 1973-இல் வந்த 'யாதோன் கி பாராத்' படத்தில் ஆர்.டி.பர்மனின் 'சுரா லியா ஹை' பாட்டுத் தொடக்கத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கண்ணாடி டம்ளரில் ஸ்பூனால் தட்டும் ஓசை. இந்த மாதிரி திடீரென்று எழும் ஓசைதான் எம்பி3-க்குக் கண்டம். அது ஒலியை 576 சாம்பிள் கொண்ட துண்டுகளாக, அதாவது 13 மில்லி நொடித் துண்டுகளாக எடுத்துச் சுருக்குகிறது. துண்டின் நடுவில் தட்டல் வந்தால், சுருக்கியதில் வரும் பிசிறு துண்டு முழுக்கப் பரவும், தட்டலுக்கு முன்னாலும். 'டிங்' என்பதற்கு முன் 'ஷ்' என்று ஒரு மூச்சு. நல்ல என்கோடர், அதாவது சுருக்கும் மென்பொருள், அந்த இடத்தில் சின்னத் துண்டுக்கு மாறிச் சமாளிக்கும். அந்தக் காலத்து என்கோடர்கள் நம்மைப் போல, சமாளிக்கத் தெரியாதவை.

இதை ஏபிஎக்ஸில் போட்டேன், 20-க்கு 19. அந்த ஒன்றும் மிக்ஸி ஓடியதால் போனது.

பத்து வருஷம் நான் அந்த மூச்சோடுதான் பாட்டைக் கேட்டேன். டம்ளரில் ஏதோ ஊற்றுகிறார்கள் என்று நினைத்திருந்தேன்.

20 ஜனவரி 2024

ஒருவர் ஐம்பதுகளின் பாட்டு ஒன்றை ஃபிளாக்கில் வைத்திருப்பதாகப் பெருமையாகச் சொன்னார். வாங்கி, ஒலியின் அதிர்வெண்களைப் படமாகக் காட்டும் ஸ்பெக் மென்பொருளில் போட்டுப் பார்த்தேன். படத்தில் 10 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கும்மிருட்டு. சந்தேகமே இல்லை, எம்பி3யை எடுத்து ஃபிளாக் உறையில் போட்டுத் தலையில் கட்டிவிட்டார்கள். 128-இல் சுருக்கினால் 16 கிலோஹெர்ட்ஸ் பக்கம் கத்தியால் வெட்டின மாதிரி ஒரு கோடு விழும், அதற்கு மேல் ஒன்றும் இருக்காது. பெரிய ஃபைலாக இருக்கிறதே என்று நம்பாதீர்கள், படத்தைப் பாருங்கள். இப்படி ஏமாந்த கூட்டம் பெரிது.

21 ஜனவரி 2024

நேற்று எழுதியது தப்பு. அந்த நண்பரிடம் மன்னிப்பும் கேட்டுவிட்டேன்.

இரவு படுக்கப் போகும்போது உறைத்தது. என்னிடம் நானே சிடியிலிருந்து கணினிக்கு ரிப் செய்த, அதே ஐம்பதுகளின் பாட்டு இருக்கிறதே, அதைப் பார்த்தேனா? எழுந்து பார்த்தேன். அதிலும் 10-க்கு மேல் இருட்டு. எம்பி3 அந்தப் பக்கமே வராத சிடி. காரணம் எளிது. அன்றைய மைக்கும் பதிவும் மேலே அதிகம் எதையும் பிடிக்கவில்லை, பிடித்தது இரைச்சல்தான், சிடி போடும்போது கம்பெனி அந்த இரைச்சலை வழித்து எடுத்துவிட்டது. வழித்த இடம்தான் இருட்டாகத் தெரிகிறது.

ஆக எம்பி3 வெட்டு என்றால் கோடு நேராக, 16 பக்கம், பாட்டு முழுக்க ஒரே உயரத்தில் நிற்கும். இரைச்சல் வழித்த பாட்டில் விளிம்பு மங்கலாக, ஏறி இறங்கித் தெரியும். என் கண்ணுக்கு இரண்டும் ஒன்றாகத் தெரிந்தது 20-ஆம் தேதி. 21-ஆம் தேதி வேறு வேறாகத் தெரிகிறது.

இரைச்சலை வழித்தால் என்ன கெடுதல் என்று கேட்பீர்கள். ரஃபி மெல்லப் பாடி இழுத்து விடும் கடைசி எழுத்து, வயலின் வில் கம்பியைத் தொடும் அந்த முதல் உரசல், எல்லாம் அந்த இரைச்சலோடு ஒட்டிக்கொண்டு இருக்கும். பாலாடையை எடுக்கும்போது கொஞ்சம் பாலும் வருமே, அப்படி. கோயம்புத்தூர் நண்பரே, கரகரப்புக்குக் காசு தருகிறேன் என்று சொன்னது இதைத்தான்.

21 ஜனவரி 2024, மாலை

மேலே 'நம்மைப் போல சமாளிக்கத் தெரியாதவை' என்று எழுதியதற்கு ஒரு என்கோடர் பிரியர் கோபித்துக்கொண்டிருக்கிறார். வாபஸ்.

4 பிப்ரவரி 2024

ஒரு நல்ல சங்கதி கண்டுபிடித்தேன். கண்டுபிடித்தேன் என்ன, எல்லோருக்கும் தெரிந்திருக்கும், எனக்கு இப்போதுதான் தெரிந்தது.

இசையமைப்பாளர்கள் நௌஷாத், சங்கர்-ஜெய்கிஷன் காலத்துப் பாட்டெல்லாம் மோனோ, ஒரே சேனல். சிடியில் போடும்போது இடத்திலும் வலத்திலும் ஒரே ஒலியை இரண்டு தடவை எழுதவேண்டும். ஃபிளாக் புத்திசாலி; இரண்டும் ஒன்று என்று தெரிந்ததும் ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு 'மற்றதும் இதே' என்று குறித்துவிடும். அதனால் சுத்தமான மோனோ சிடியின் ஃபிளாக் பாதிதான் இருக்கும். என் ரிப்களில் நொடிக்கு 400 கிலோபிட் பக்கம். ஆனால் அதே காலத்துப் பாட்டு, வேறொரு தொகுப்பில், 750 காட்டியது. மோனோ பாட்டுக்கு எதற்கு 750?

ஆடாசிட்டி என்ற ஒலித்திருத்த மென்பொருளில் திறந்து ஒரு சேனலைத் தலைகீழாக்கி மற்றதோடு கூட்டினேன். சுத்த மோனோவாக இருந்தால் ஒன்றை ஒன்று அடித்துக்கொண்டு மௌனம்தான் மிஞ்சும். மிஞ்சியது மௌனம் இல்லை. பாடகி இல்லாமல் அவர் குரலின் எதிரொலி மட்டும் எங்கோ கிணற்றுக்குள்ளிருந்து வந்தது. தபலா இல்லை, தபலாவின் ஆவி இருந்தது. கம்பெனியில் யாரோ ஒரு புண்ணியவான் மோனோ பாட்டுக்கு எக்கோ போட்டு ஸ்டீரியோவாக்கி, "டிஜிட்டலி ரீமாஸ்டர்டு" என்று அட்டையில் அச்சிட்டிருக்கிறார். அவர் சேர்த்ததை மட்டும் தனியாக வடிகட்டிக் கேட்ட முதல் ஆள் நானாக இருக்கலாம். இரவு பதினொரு மணிக்கு ஹெட்போனில் கேட்க வேண்டாம், சொல்லிவிட்டேன்.

எக்கோ வேண்டும் என்றால் நௌஷாதிடம் கற்றிருக்கலாம். 1960-இல் 'முகல்-ஏ-ஆஸம்' படத்தின் 'ப்யார் கியா தோ டர்னா க்யா' பாட்டில் வரும் அந்த முழக்கத்துக்கு லதாவை ஸ்டூடியோ குளியலறையில் நிற்க வைத்துப் பாட வைத்தார் என்று கதை சொல்வார்கள்.

5 பிப்ரவரி 2024

ஜங்கார் பீட்ஸை லாஸ்லெஸ்ஸில் கேட்கலாமா என்று ஒருவர் தனிச்செய்தி அனுப்பியிருக்கிறார். கிண்டல் என்றுதான் முதலில் நினைத்தேன். இல்லையாம்.

தெரியாதவர்களுக்கு: எண்பதுகளின் கடைசியிலும் தொண்ணூறுகளிலும் பழைய பாட்டின் மேல் டிரம் மெஷினும் ஆக்டோபேடும் எக்கோவும் ஏற்றி கேசட் விற்பார்கள். பம்பாய் டாக்ஸிக்காரர்களின் தேசிய கீதம். மெட்டு ஒரு வேகம், அடி ஒரு வேகம், இரண்டும் எப்போதாவது சிக்னலில் சந்தித்துக்கொள்ளும். நாங்கள் சிரித்தோம். ஆனால் அந்த நண்பர் எழுதியிருப்பதைப் பாருங்கள்: அவர் சில பாட்டுகளை முதன்முதலில் கேட்டதே அப்படித்தானாம், மூல வடிவம் கேட்டால் ஏதோ குறைகிற மாதிரி இருக்கிறதாம். அவருக்கு அதுதான் அசல். சரி, லாஸ்லெஸ்ஸிலேயே கேட்கட்டும்.

11 பிப்ரவரி 2024

மாடி அலமாரியில் 2003-இல் நானே எழுதிய சிடிக்கள் 60. இன்று எடுத்துப் பார்த்ததில் 23 படிக்கவே இல்லை. விளிம்பில் சாயம் வெளிறி, காப்பித்தண்ணி சிந்தின மாதிரி வட்டம். கடையில் வாங்கிய அச்சு சிடி அதைவிடப் பத்து வயது மூத்தது, இன்னும் எக்ஸாக்ட் ஆடியோ காப்பி மென்பொருளில் ஒரு பிழை இல்லாமல் வருகிறது. நம் கையெழுத்து ராசி.

12 பிப்ரவரி 2024

ஹார்ட் டிஸ்க் நிரம்பக் காரணம் ஃபிளாக் இல்லை, பாட்டோடு ஒட்டும் பெயர்க் குறிப்புகளான என் டேக் ஒழுங்குதான் என்று மகள் கண்டுபிடித்தாள். என் பிளேயரில் ஆர்.டி.பர்மன், ஆர் டி பர்மன், ராகுல் தேவ் பர்மன், பஞ்சம் என்று நான்கு இசையமைப்பாளர்கள் இருக்கிறார்கள், நான்கும் ஒரே ஆள். சில பாட்டு நால்வரிடமும் இருக்கிறது. 1978 'டான்', 2006 'டான்' இரண்டும் ஒரே ஆல்பமாகச் சேர்ந்துவிட்டன; 'கைக்கே பான்' (வெற்றிலை போட்டு) என்று கிஷோர் குமார் பாடி முடித்ததும் உதித் நாராயண் அதையே மறுபடி பாடுகிறார். வண்டியில் வந்த மைத்துனர், "இவர்கள் ஒரு வெற்றிலையோடு விடமாட்டார்கள் போல" என்றார்.

இனிமேல் படத்தின் பெயரோடு வருஷம். இதை 2005-இலேயே செய்திருக்க வேண்டும்.

21 பிப்ரவரி 2024

நேற்று ரேடியோ அறிவிப்பாளர் அமீன் சயானி காலமானார். இன்று தொழில்நுட்பம் பேச மனமில்லை, ஆனால் பேசப்போவது அதுதான்.

1952-இல் கேஸ்கர் அமைச்சராக இருந்தபோது ஆல் இந்தியா ரேடியோவில் சினிமாப் பாட்டுக்குக் கதவைச் சாத்தினார்கள். பாட்டு இலங்கைக்குப் போய் அங்கிருந்து சிற்றலையில் நமக்குத் திரும்பி வந்தது. புதன்கிழமை இரவு எட்டு மணி, இந்திப் பாட்டு நிகழ்ச்சி பினாகா கீத்மாலா. "பெஹனோ அவுர் பாயியோ" என்று அவர் தொடங்கினால் பம்பாய் செம்பூரில் எங்கள் கட்டடத்தில் நடமாட்டம் நிற்கும். இந்தி ஒரு வார்த்தை தெரியாத என் பாட்டியும் வந்து உட்காருவாள். அந்தப் பையன் சிரித்துக்கொண்டே பேசுகிறான் என்பாள்.

அப்பா அதை கேசட்டில் பிடிப்பார். ரேடியோ முன்னால் கேசட் ரெக்கார்டரை வைத்து, அதன் மைக்கிலேயே. போகியில் தப்பித்த பெட்டியில் அப்படி ஒரு கேசட் இருக்கிறது. பாட்டின் முன்னிசை தொடங்கிய பிறகும் அமீன் சயானி பேசிக்கொண்டே இருப்பார். மூன்றாவது பாட்டின் இரண்டாவது சரணத்தில் எங்கள் சமையலறைக் குக்கர் இரண்டு விசில் அடிக்கும்.

நேற்று இரவு அதை டெக்கில் போட்டு 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸில் கணினிக்கு மாற்றினேன். சிற்றலை ரேடியோ, ஒரு சின்ன மைக், மலிவு டேப், 45 வருஷப் பூஞ்சை. ஒரு மணி நேரம் ஃபிளாக் ஆக்கிய பிறகும் 1 ஜி.பி.க்கு மேல். இத்தனை பெரிய ஃபைல் என் டிஸ்க்கில் வேறெதுவும் இல்லை. ஏன் தெரியுமா? ஃபிளாக் ஒழுங்கைத்தான் மடிக்கும். அடுத்த சாம்பிள் இப்படி இருக்கும் என்று ஊகித்து, ஊகம் தவறின அளவை மட்டும் எழுதி வைக்கும். இரைச்சலில் ஊகிக்க ஒன்றுமில்லை, அதனால் அப்படியே முழுசாக வைத்துக்கொள்கிறது. இருப்பதிலேயே மோசமான பதிவுக்கு இருப்பதிலேயே அதிக இடம்.

அந்தப் பாட்டு என்னிடம் சிடியிலும் இருக்கிறது, தெள்ளத்தெளிவாக. இரண்டாவது சரணம் வரும்போது விசிலுக்காக நான் காத்திருக்கிறேன்.

27 பிப்ரவரி 2024

நேற்று பாடகர் பங்கஜ் உதாஸ் காலமானார். ஒரு வாரத்தில் இரண்டு. 'நாம்' படத்தின் 'சிட்டி ஆயீ ஹை' (கடிதம் வந்திருக்கிறது) போட்டேன், வளைகுடாவில் பத்து வருஷம் இருந்த பக்கத்து வீட்டுக்காரர் கதவைத் தட்டி உள்ளே வந்து உட்கார்ந்தார். பேசவில்லை. முடிந்ததும் போய்விட்டார்.

10 மார்ச் 2024

கோயம்புத்தூர் நண்பர் மறுபடி: "சார், புதுப் பாட்டுக்காவது லாஸ்லெஸ் பிரயோஜனமா?"

உங்கள் ஊர்ப் பக்கத்து ரயிலில் இருந்தே தொடங்குகிறேன். 'தில் சே', 1998. நீலகிரி ரயில் கூரை மேல் ஆடுவார்களே, 'சைய்ய சைய்ய'. பாட்டு உருவானது கோடம்பாக்கத்தில், ரஹ்மானின் பஞ்சதன் ஸ்டூடியோவில். அந்தப் படத்தின் ஒலிக்காக எச்.ஸ்ரீதருக்குத் தேசிய விருது கிடைத்தது. 'லகான்' படத்துக்கும் விருது, அது நகுல் காம்தேயோடு சேர்ந்து. பம்பாயில் இருந்துகொண்டு இந்திப் பாட்டின் நல்ல சத்தத்துக்கு மெட்ராஸைப் பார்த்துக் கும்பிட்ட காலம் அது. ரிதம் ஹவுஸ் இசைத்தட்டுக் கடையில் ஸ்பீக்கர் வாங்க வருகிறவர்கள்கூட ரஹ்மான் சிடியோடு வருவார்கள் என்று எழுதலாமென்று பார்த்தேன், அங்கே ஸ்பீக்கர் விற்றதாக எனக்கு ஞாபகமில்லை. ஸ்பீக்கர் வாங்க லேமிங்டன் ரோடு. ஆனால் சிடியோடு போனது நிஜம், போனது நான்.

என்னிடம் 'தில் சே'யும் 'உயிரே'யும் இரண்டு சிடியும் உண்டு. 'சைய்ய சைய்ய'வையும் 'தையா தையா'வையும் அடுத்தடுத்துப் போட்டுக் கேளுங்கள். சுக்விந்தர் இரண்டிலும் இருக்கிறார். அவர் குரலுக்கு அடியில் தாளம் நகரும் இடம், பின்னால் சின்னச் சின்னதாக வந்து போகும் ஒலிகள், இவற்றுக்கு நடுவில் காற்று இருக்கிறது. சத்தம் ஏற வேண்டிய இடத்தில் ஏற இடம் விட்டிருக்கிறார்கள்.

அப்புறம் என்ன ஆயிற்று என்றால், 2000-களில் எல்லாரும் எல்லாவற்றையும் உச்சத்துக்குத் தூக்கினார்கள். 2013-இல் வந்த ஒரு படத்தின் பாட்டை ஆடாசிட்டியில் திறந்தேன், பெயர் வேண்டாம். அலை என்றால் மேடு பள்ளம் இருக்க வேண்டாமா? செங்கல் மாதிரி ஒரே கட்டி. உச்சிகள் எல்லாம் தட்டையாக, நாவிதர் மெஷின் போட்ட மாதிரி. பல்லவியில் மெல்லப் பாடுகிறார், சரணத்தில் கத்துகிறார், மீட்டரில் இரண்டும் ஒரே அளவு. இதை 24 பிட் லாஸ்லெஸ் என்று விற்கிறார்கள். மொட்டைத் தலையை உயர்ந்த கேமராவில் படம் எடுத்தால் முடி வராது.

சோர் பஜாரில் எண்பதுகளின் சிடி ஒன்று 80 ரூபாய்க்கு வாங்கினேன், உறையில்லாமல். அதே ஆல்பத்தின் 'ரீமாஸ்டர்' வடிவம் போனில் சந்தாவில் இருக்கிறது. பழையது சத்தம் குறைவு, வால்யூமைக் கூட்டினால் போதும், அறை திறந்துகொள்கிறது. ஆக, எம்பி3யா ஃபிளாக்கா என்பது எனக்கு இரண்டாவது கேள்வி. உள்ளே எந்த வருஷத்து மாஸ்டர், அதாவது வெளியீட்டுக்குத் தயாரித்த மூலப் பதிவு, போட்டிருக்கிறார்கள் என்பதுதான் முதல் கேள்வி. அந்த 80 ரூபாய் சிடியை 320-இல் சுருக்கினாலும் புது லாஸ்லெஸ்ஸை விட நன்றாக இருக்கிறது. ஜனவரியில் இதை எழுதியிருந்தால் இந்த இழை இவ்வளவு நீண்டிருக்காது.

11 மார்ச் 2024

ரிதம் ஹவுஸ் பற்றி எழுதியதும் பலர் கேட்டுவிட்டீர்கள். ஆமாம், காலா கோடா மூலையில் இருந்தது, 2016 பிப்ரவரி கடைசியில் மூடினார்கள். அப்பாவுக்கு ஃபோர்ட்டில் பேங்க் வேலை, சனிக்கிழமை அரை நாள். மதியம் அங்கே போய் அரை மணி நேரம் கேட்டுவிட்டு ஒன்றும் வாங்காமல் வருவார். மாசத்துக்கு ஒரு தடவை ஒரு இசைத்தட்டு வாங்குவார். வாங்கிய அன்று அம்மாவிடம் விலை சொல்லமாட்டார்.

16 மார்ச் 2024

ஆப்பிள் 2021 ஜூனில் லாஸ்லெஸ்ஸை அதே சந்தாவில் கொடுத்தபோது நானும் குதித்தேன். புளூடூத் ஹெட்போன் மாட்டிக்கொண்டு, திரையில் 'லாஸ்லெஸ்' என்ற எழுத்தைப் பார்த்துப் பார்த்து மூன்று மாதம் ஆனந்தப்பட்டேன். "சத்தத்தில் என்ன ஒரு ஆழம்" என்று நண்பர்களுக்கெல்லாம் சொன்னேன். அந்த ஹெட்போனுக்கு புளூடூத்தில் போவதெல்லாம் சுருக்கியதுதான் என்று அப்புறம் தெரிந்தது. சோனியின் எல்டாக் என்ற புளூடூத் முறையே நொடிக்கு அதிகபட்சம் 990 கிலோபிட், சிடிக்கு 1,411 வேண்டும். எழுத்தைக் கேட்டிருக்கிறேன், பாட்டை இல்லை.

இப்போது ஒயர் வைத்த ஹெட்போன். ஒயர் கதவுக் கைப்பிடியில் மாட்டி வாரத்துக்கு ஒரு தடவை என் கழுத்தைத் திருப்பும்.

ஒயர் என்றதும் இன்னொன்று. எங்கள் பழைய டெக்கில் வலது சேனல் செத்துக் கிடந்தது ஆறு வருஷம் எங்களுக்குத் தெரியாது. எழுபதுகளின் ஸ்டீரியோவில் ஒரு கிடாரை முழுக்க இடத்திலும் இன்னொன்றை முழுக்க வலத்திலும் தள்ளி வைப்பார்கள். 1994-இல் ரிப்பேர் செய்தபோது எத்தனையோ ஆர்.டி. பாட்டில் இரண்டாவது கிடார் முளைத்தது. அப்பா கேட்டுவிட்டு, "யார் இது புதுசா?" என்றார்.

30 மார்ச் 2024

வீட்டில் ஒரு தகராறு.

லதா பாட்டு ஒன்று. பெயர் சொன்னால் கம்பெனி தெரிந்துவிடும். அப்பாவின் எல்பியும் இருக்கிறது, சிடியும் இருக்கிறது. சிடியின் ஃபிளாக்கைப் போட்டேன். என் மனைவி மாட்டுங்காவில் பதினோரு வருஷம் பாட்டு கற்றவள். சமையலறையிலிருந்து, "இது அந்தப் பாட்டு இல்லையே" என்றாள்.

"அதே பாட்டுதான்."

"அது அஞ்சு கட்டை. இது அஞ்சரை. உங்க டப்பாவில் ஏதோ கோளாறு."

டப்பாவில் கோளாறு இல்லை, பிட்டுக்குப் பிட்டு சரி, மற்றவர்களின் ரிப்போடு ஒப்பிடும் அக்யூரேட்ரிப்பில் ஒத்துப்போன ரிப் என்றேன். சுருதிப் பெட்டியை எடுத்து வந்து மேஜை மேல் வைத்தாள். எல்பி அஞ்சில் சேர்ந்தது. சிடி அஞ்சரையில் சேர்ந்தது. "பிட்டு சரி, சுருதி சரியில்லை" என்று சொல்லிவிட்டு அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாள்.

எல்பி பிளேயர்தான் மெதுவாக ஓடுகிறது என்பது என் வாதம். பெல்ட் பழசு.

31 மார்ச் 2024

பெல்ட் மாற்றினேன். வேக அட்டை வைத்துப் பார்த்தேன். நிமிடத்துக்கு 33⅓ சுற்று, சரியாக ஓடுகிறது. எல்பி இன்னும் அஞ்சு கட்டைதான்.

வீட்டில் இதைச் சொல்லவில்லை.

2 ஜூன் 2024

தகராறுக்கு சாட்சி கிடைத்தது, மின்சார வாரியத்திலிருந்து.

நம் ஊர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ். ஸ்டூடியோவில் எர்த் சரியில்லை என்றால் அந்த 50 ஹெர்ட்ஸ் 'ம்ம்ம்' என்று பதிவில் ஒட்டிக்கொள்ளும். காதுக்குத் தெரியாது, கோட்டுப் படத்தில் தெரியும். சிடி பாட்டில் குரல் தொடங்குவதற்கு முன்னால் உள்ள இரண்டு நொடியை வெட்டி, ஆடாசிட்டியில் அலசினேன். ஒரு மெல்லிய கோடு நின்றது. 50-இல் இல்லை, 53-இல். 53 ஹெர்ட்ஸ் கரண்ட் இந்தியாவில் வந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை. அப்படியென்றால் டேப்பை நூற்றுக்கு ஆறு பங்கு வேகமாக ஓடவிட்டு சிடிக்கு மாற்றியிருக்கிறார்கள். ஆறு சதவீதம் என்றால் சரியாக அரைக் கட்டை.

எல்பியில் இந்தச் சோதனை செல்லாது. என் ஆம்ப் தன் பங்குக்கு 50-இல் முனகும், அது யார் முனகல் என்று பிரிக்க முடியாது. சிடியின் 53 போதும்.

இருபது வருஷமாக ஒரு பிட் குறையாமல் பாதுகாத்து, மூன்று டிஸ்க்கில் பேக்கப் எடுத்து, செக்சம் என்ற சரிபார்ப்பு எண் போட்டு வைத்திருந்தது தப்பான சுருதியில் ஒரு பாட்டு.

3 ஜூன் 2024

வீட்டில் சொன்னேன். "அதான் மார்ச்சிலேயே சொன்னேனே."

16 ஜூன் 2024

வேகத்தைச் சரிசெய்துவிடலாமே என்கிறீர்கள். செய்யலாம், ஆடாசிட்டியில் ஒரு நிமிட வேலை. ஆனால் செய்தால் ஒவ்வொரு சாம்பிளும் மாறிவிடும். அப்புறம் அது சிடியின் நகல் இல்லை, என் கைவேலை. கம்பெனிக்காரன் எக்கோ போட்டதற்கு பிப்ரவரியில் அவ்வளவு திட்டினேன், இப்போது நானும் கை வைப்பதா? இரண்டு வாரமாக ஃபைலைத் திறந்து திறந்து மூடுகிறேன்.

23 ஜூன் 2024

வழி கிடைத்துவிட்டது. சாம்பிள் எதையும் தொட வேண்டாம். ஃபிளாக்கின் தலைப்புகளில் 'நொடிக்கு 44,100' என்று ஒரு எண் எழுதியிருக்கும். அதை மட்டும் 41,604 என்று மாற்றினேன். 44,100-ஐ 53-ஆல் வகுத்து 50-ஆல் பெருக்கினால் வரும் எண். சாம்பிள்களில் ஒரு பிட் மாறவில்லை, மெதுவாக வாசி என்று மட்டும் சொல்லியிருக்கிறேன். 3 நிமிடம் 12 நொடிப் பாட்டு 3 நிமிடம் 23 நொடி ஆயிற்று. சுருதிப் பெட்டி வந்தது. அஞ்சு கட்டை.

கோயம்புத்தூர் நண்பரே, எம்பி3-இல் இந்த வித்தை நடக்காது, அதற்கென்று வைத்திருக்கும் சில எண்கள்தான் செல்லும். உங்கள் கேள்விக்கு ஐந்து மாதம் கழித்து என்னிடம் இருக்கும் ஒரே உறுதியான பதில் இது.

30 ஜூன் 2024

கணினியில் ஓடுகிறது. போனில் ஓடுகிறது. கார் ஸ்டீரியோ 41,604-ஐப் பார்த்துவிட்டு 'கோப்பு ஆதரிக்கப்படவில்லை' என்கிறது. அதனால் காரில் மட்டும் இன்னும் அஞ்சரைக் கட்டைதான். பக்கத்தில் உட்கார்ந்து என் மனைவி அஞ்சில்தான் கூடப் பாடுவாள்.